ஏபிஜி ஸ்லிப்பில் 67, விரல் கிளிப்பில் 94: எதை நம்புவது?

வைகைக்கரை | இரவு 11.40

வணக்கம். அப்பாவுக்கு 67 வயசு, நிமோனியா. ஆறு நாளா ஆஸ்பத்திரியில இருக்கோம். நேத்து விடியக்காலம் மூணு மணிக்கு ஏபிஜி (தமனியில ரத்தம் எடுத்து ஆக்ஸிஜன் அளவு பார்க்குற டெஸ்ட்) எடுக்கணும்னு பயிற்சியில இருக்குற ஒரு தம்பி வந்தார். மணிக்கட்டுல ரெண்டு தடவை குத்தியும் ரத்தம் வரல. மூணாவது தடவை வந்துச்சு. நான் பக்கத்துலயே நின்னேன், நாவல்பழச் சாறு மாதிரி இருந்துச்சு. கொஞ்ச நேரத்துல ஸ்லிப் வந்துச்சு: பிஎச் (அமிலத்தன்மை) 7.36, பிசிஓ2 (கார்பன் டை ஆக்சைடு) 48, பிஓ2 (ஆக்ஸிஜன்) 36, சாச்சுரேஷன் 67. மேல "ஆர்ட்டீரியல்"னு, அதாவது தமனி ரத்தம்னு அச்சாகியிருந்துச்சு.

67ஐப் பார்த்ததும் எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல. கொரோனா நேரத்துல 94க்குக் கீழ போனா ஆபத்துன்னு கேட்டுக் கேட்டுப் பழகினவங்க நாம. ஆனா மானிட்டர்ல விரல் கிளிப் 94 காட்டுது, அப்பா கண்ணைத் திறந்து தண்ணி கேட்குறார். என் கூடப்பிறந்த தம்பிக்கு போன் போட்டு உடனே கிளம்பி வாடான்னு சொல்லிட்டேன். அவன் திண்டுக்கல்ல இருந்து அந்த இருட்டுல பைக்கை எடுத்துட்டு வந்தான்.

டியூட்டி டாக்டர் வந்து ஸ்லிப்பைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார், திரும்ப எடுக்கச் சொன்னார். இந்தத் தடவை பிஓ2 78, சாச்சுரேஷன் 95. "முதல்ல எடுத்தது வெயின் (சிரை)" அப்படின்னு சொல்லிட்டு அடுத்த பெட்டுக்குப் போயிட்டார்.

ரெண்டுக்கும் நடுவுல நாற்பது நிமிஷம். அதே கை, அதே மனுஷன். ஒரே உடம்புல ரெண்டு ஆக்ஸிஜன் அளவு எப்படி இருக்கும்? விரல்ல கிளிப் இருக்கும்போது எதுக்கு இந்தக் குத்து? தெரிஞ்சவங்க சொல்லுங்க. யார் மேலயும் புகார் இல்ல, புரிஞ்சுக்கணும், அவ்வளவுதான்.

---

இரவுப்பணி | இரவு 11.58

தம்பி, நான் ஐசியு ஸ்டாஃப் நர்ஸ், 14 வருஷமா. உங்க தம்பி அந்த நேரத்துல வண்டி ஓட்டிட்டு வந்ததைப் படிக்கும்போதே எனக்குப் பதறுது. அந்த ஸ்லிப்பை உங்க கையில கொடுக்கறதுக்கு முன்னாடி யாராவது ஒருத்தர் மானிட்டரோட சேர்த்துப் பார்த்திருக்கணும்.

மணிக்கட்டுல கட்டைவிரல் பக்கம் துடிக்குதே, அது தமனி. அதைச் சுத்தி சிரைகளும் ஓடுது. துடிப்பை ரெண்டு விரலால பிடிச்சு, ஊசியைச் சாய்ச்சு, துடிப்புக்கு எதிர்த்தாப்புல மெல்ல உள்ள விடுவோம். தமனியில பட்டா நாம இழுக்கவே வேண்டாம், ரத்தம் தானா சிரிஞ்சுல ஏறும், ஒவ்வொரு துடிப்புக்கும் ஒரு தள்ளு தெரியும். நல்ல செக்கச்செவேல்னு இருக்கும். இழுத்து இழுத்து எடுக்க வேண்டியிருந்து, ரத்தமும் கருஞ்சிவப்பா இருந்தா சிரையோன்னு சந்தேகப்படணும். பிபி ரொம்பக் குறைஞ்ச நோயாளிக்குத் தமனி ரத்தமே மெதுவாத்தான் ஏறும், நுரையீரல் ரொம்ப மோசமா இருந்தா அதுவும் கறுத்துத்தான் இருக்கும். அதனால நிறத்தை மட்டும் வெச்சு முடிவு கட்டக்கூடாது. உங்க அப்பா விஷயத்துல கிளிப் 94, ஸ்லிப் 67. கிளிப் அலை ஒழுங்கா ஓடிட்டிருந்தா இந்த ரெண்டும் ஒரே குழாய் ரத்தமா இருக்க வாய்ப்பே இல்ல. டாக்டர் பார்த்த உடனே பிடிச்சது அதைத்தான்.

"ஆர்ட்டீரியல்"னு மெஷின் கண்டுபிடிச்சுப் போடறதில்ல. நாம எதை அமுக்குறோமோ அதையே அச்சடிக்கும்.

ஒண்ணு கேட்கணும். அந்த 78 வந்தப்போ அப்பாவுக்கு எவ்வளவு ஆக்ஸிஜன் போயிட்டிருந்துச்சு?

---

வைகைக்கரை | நள்ளிரவு 12.06

அக்கா, ரொம்ப நன்றி. வென்சூரி மாஸ்க் (குறிச்ச அளவு ஆக்ஸிஜன் கொடுக்குற மாஸ்க்), 40 சதவீதம்னு சார்ட்டுல எழுதியிருந்தாங்க.

---

கேள்விமுத்து | காலை 6.21

குறுக்கே ஒரு சந்தேகம். பள்ளிப் புத்தகத்தில் சிரையை நீலத்தில்தானே வரைகிறார்கள்? என் கையிலும் நீலமாகத்தான் தெரிகிறது.

---

இரவுப்பணி | காலை 6.40

அது படத்துல பிரிச்சுக் காட்டுறதுக்கு. நீல ரத்தத்தை இந்த 14 வருஷத்துல நான் ஒரு தடவைகூடப் பார்த்ததில்ல. தோல் வழியா வெளிச்சம் போய்த் திரும்புறதால சிரை நீலமாத் தெரியுது, உள்ள ஓடுறது கருஞ்சிவப்புதான்.

---

ஓய்வுபெற்ற மயக்கவியலர் | காலை 7.15

வைகைக்கரை தம்பிக்கு: ஒரே உடம்பில் இரண்டு அளவு எப்படி என்று கேட்டீர்கள். முப்பது ஆண்டுகள் அறுவை அரங்கில் மாணவர்களுக்குச் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன்.

காலையில் பால்காரர் கேன்களை நிரப்பிக்கொண்டு தெருவுக்குள் போகிறார். வீடு வீடாக ஊற்றிவிட்டுத் திரும்பும்போது கேனில் மிச்சம் இருக்கும். போகும்போது இருந்தது தமனி. திரும்பும்போது இருப்பது சிரை. கேன்கள்தான் ஹீமோகுளோபின். கேன் எத்தனை பங்கு நிறைந்திருக்கிறது என்பது சாச்சுரேஷன். நல்ல உடம்பில் போகும்போது 95 முதல் 98 சதவீதம், எல்லாத் தெருவையும் சுற்றி இதயத்துக்குத் திரும்பும்போது 70 முதல் 75. உங்கள் அப்பாவின் 67, 95 இரண்டும் சரியான அளவுகளே. முதலாவது திரும்பி வந்த கேன்.

எண்ணாகச் சொல்கிறேன். ஒரு கிராம் ஹீமோகுளோபின் நிறைவாக ஏற்றிக்கொண்டால் 1.34 மில்லி ஆக்ஸிஜன் பிடிக்கும். 15 கிராம் உள்ளவரின் 100 மில்லி தமனி ரத்தத்தில் ஏறக்குறைய 20 மில்லி, சிரையில் ஏறக்குறைய 15. பிஓ2 என்று ஸ்லிப்பில் வருவது கேனில் உள்ளதல்ல, ரத்த நீரில் கரைந்த ஆக்ஸிஜனின் அழுத்தம். பிஓ2 100 இருந்தாலும் கரைந்திருப்பது 100 மில்லிக்கு 0.3 மில்லிதான். அந்தச் சிறு பங்குதான் கேனை எவ்வளவு நிரப்புவது என்று தீர்மானிக்கிறது.

தமனிக்கும் சிரைக்கும் உள்ள இந்த 5 மில்லி வித்தியாசம் சாமானியமானதல்ல. 1870இல் ஜெர்மனியின் வூர்ட்ஸ்பர்க்கில் அடால்ஃப் ஃபிக் சொன்னார்: உடம்பு நிமிடத்துக்கு எவ்வளவு ஆக்ஸிஜன் செலவழிக்கிறது என்று தெரிந்து, இரண்டு ரத்தத்துக்கும் உள்ள வித்தியாசமும் தெரிந்தால், இதயம் எவ்வளவு ரத்தம் இறைக்கிறது என்று கணக்குப் போட்டுவிடலாம். செலவு 250 மில்லி, ஒவ்வொரு லிட்டரும் விட்டுச் செல்வது 50 மில்லி, ஆக நிமிடத்துக்கு 5 லிட்டர். மார்பைத் திறக்காமல் இதயத்தை அளக்கும் வழி இது. எத்தனை முறை படித்தாலும் எனக்கு மெய்சிலிர்க்கும்.

அடுத்து, நர்ஸ் அம்மா கேட்ட கேள்விதான் உங்கள் அப்பாவுக்கு முக்கியம். 78 என்பது 40 சதவீத ஆக்ஸிஜனில் வந்தது. பிஓ2வைக் கொடுக்கும் ஆக்ஸிஜனின் பங்கால் வகுத்துப் பார்ப்போம்: 78ஐ 0.4ஆல் வகுத்தால் 195. நல்ல நுரையீரல் உள்ளவருக்கு வெறும் காற்றில் பிஓ2 95ஐ 0.21ஆல் வகுத்தால் 450 வரும். ஆகவே சாச்சுரேஷன் 95 சதவீதம் என்பதைப் பார்த்து நுரையீரல் தேறிவிட்டது என்று எண்ண வேண்டாம். இந்த 195 நாளுக்கு நாள் ஏறுகிறதா என்று டாக்டரிடம் கேளுங்கள்.

---

சோதனைக்கூடம் | காலை 8.02

ஐயா சொன்ன கணக்கெல்லாம் சிரிஞ்ச் எங்க கைக்கு ஒழுங்கா வந்து சேர்ந்தால்தான். லேப் டெக்னாலஜிஸ்டா எங்க தலைவலி வேற மாதிரி. சிரிஞ்சுக்குள்ள ஒரு காற்றுக்குமிழி இருந்தாப் போதும். காற்றில் பிஓ2 ஏறக்குறைய 150. குமிழியோட சிரிஞ்சை ஆட்டி ஆட்டிக் கொண்டுவந்தா 60 இருந்தது 80 ஆகலாம், நோயாளி நல்லா இருக்கார்னு ரிப்போர்ட் போயிடும். அதனால எடுத்த உடனே குமிழியைத் தள்ளிட்டு மூடியைப் போடணும். பிளாஸ்டிக் சிரிஞ்சுன்னா அரை மணி நேரத்துக்குள்ள மெஷின்ல ஏத்திடணும்.

ஒருமுறை ரத்தப்புற்று நோயாளி ஒருத்தரோட சாம்பிள் வந்தது, வெள்ளணுக்கள் லட்சக்கணக்கில். லிஃப்ட் வேலை செய்யாம வார்டு பாய் படியேறி வர நேரமாயிடுச்சு. பிஓ2 41. அவரோ உட்கார்ந்து இட்லி சாப்பிட்டுட்டிருக்கார். சிரிஞ்சுக்குள்ள இருந்த ஆக்ஸிஜனை வெள்ளணுக்களே தின்னு தீர்த்திருக்கு. திரும்ப எடுத்து, ஐஸில் வெச்சு, ஓடி வந்து போட்டப்போ 88.

இன்னொண்ணு. ஸ்லிப்பில் வர்ற சாச்சுரேஷன் சில மெஷின்ல அளந்தது, சிலதுல பிஓ2ஐ வெச்சுக் கணக்குப் போட்டது. அடைச்ச அறையில கரி அடுப்புப் புகையில மயங்கி வந்தவருக்குக் கணக்குப் போட்ட சாச்சுரேஷன் நல்லாவே இருக்கும். கார்பன் மோனாக்சைடு கேனை அடைச்சிட்டிருக்கறதை அது சொல்லாது. கோ-ஆக்ஸிமீட்டர் (கேன்ல எது ஏறியிருக்குன்னு பிரிச்சு அளக்குற பகுதி) உள்ள மெஷின்லதான் அது தெரியும்.

---

கம்பிச்சுருள் | காலை 9.30

மருத்துவக் கருவிகளைப் பழுதுபார்ப்பவன் நான். அந்த மெஷினுக்குள் ஆக்ஸிஜனை அளக்கும் பகுதி ஒரு சுண்டுவிரல் அளவுதான். அதன் கதை எனக்கு மிகவும் பிடித்தது.

லெலண்ட் கிளார்க் அமெரிக்காவின் ஒஹாயோவில் ரத்தத்துக்குள் ஆக்ஸிஜனைக் குமிழிகளாக ஏற்றும் கருவி செய்தார். கட்டுரையை அனுப்பினால் திருப்பி அனுப்பிவிட்டார்கள்: உன் கருவியிலிருந்து வெளிவரும் ரத்தத்தில் எவ்வளவு ஆக்ஸிஜன் இருக்கிறது என்று அளந்து காட்டவில்லையே என்று. பிளாட்டினக் கம்பியில் ஆக்ஸிஜன் பட்டால் மின்னோட்டம் வரும் என்பது முன்பே தெரியும். ரத்தத்தில் நேராக வைத்தால் புரதம் படிந்து கம்பி குருடாகிவிடும். கிளார்க் பிளாட்டினத்தையும் வெள்ளியையும் சேர்த்து ஒரே பிளாஸ்டிக் சவ்வுக்குப் பின்னால் வைத்தார். ஆக்ஸிஜன் மட்டும் சவ்வைக் கடந்து வரும். அது 1954. நான்கு ஆண்டுகளில் அமெரிக்க மருத்துவர் ஜான் செவரிங்ஹாஸ் கார்பன் டை ஆக்சைடு மின்முனையை அதோடு சேர்த்து ஒரே தொட்டியில் வைத்தார். இன்றும் சவ்வு மாற்றும்போது அதற்குள் ஒரு சிறு குமிழி மாட்டிக்கொண்டால் அளவு நிலைக்காது. நாங்கள் விளக்கு வெளிச்சத்தில் சாய்த்துச் சாய்த்துப் பார்த்துத்தான் பூட்டுவோம்.

விரல் கிளிப் வேறு வழி. 660, 940 நானோமீட்டர் என்று இரண்டு ஒளி, சிவப்பும் அகச்சிவப்பும். ஜப்பானில் தக்குவோ அவோயாகி காதில் ஒளி பாய்ச்சி வேறு ஒன்றை அளந்துகொண்டிருந்தார், நாடித்துடிப்பு குறுக்கே வந்து தொல்லை கொடுத்தது. துடிப்பை நீக்க முயன்றபோதுதான், துடிப்பது தமனி ரத்தம் மட்டும்தானே என்று 1972இல் அவருக்குப் பிடிபட்டது. துடிக்கும் பங்கை மட்டும் எடுத்தால் சிரை, தோல், எலும்பு எல்லாம் கணக்கிலிருந்து விலகிவிடுகின்றன. 2020 ஏப்ரலில், உலகமே அவர் கண்டதை விரலில் மாட்டிக்கொண்டிருந்த மாதத்தில், அவர் காலமானார்.

---

நேரடியாக | காலை 10.11

அப்படியானால் கிளிப் போதுமே. எதற்காக வயதானவர்களை இப்படிக் குத்துகிறார்கள்? என் அம்மாவுக்கு இரண்டு கையும் கன்றிப்போய் ஒரு வாரம் வலி. தேவையில்லாமல் பழக்கத்துக்குச் செய்கிறார்கள் என்றே நினைக்கிறேன்.

---

கம்பிச்சுருள் | காலை 10.38

உங்கள் கோபம் நியாயம். ஆனால் கிளிப்பின் எல்லை தெரிய வேண்டும். குளிர்ந்த கை, குறைந்த பிபி, கறுப்பு மருதாணி, நகப்பூச்சு எல்லாம் அதைத் தடுமாற வைக்கும். கார்பன் மோனாக்சைடு ஏறிய ரத்தத்தை ஆக்ஸிஜன் ஏறியதாகவே அது படிக்கும்.

தோல் நிறமும் உண்டு. 2020 டிசம்பரில் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் வந்த அமெரிக்க ஆய்வில், கிளிப் 92 முதல் 96 காட்டியபோது தமனி ரத்தத்தில் உண்மையில் 88க்குக் கீழே இருந்தது வெள்ளையருக்கு 3.6 சதவீத அளவீடுகளில், கறுப்பினத்தவருக்கு 11.7 சதவீதத்தில். நம்மில் கறுத்த தோல்காரர்கள் எத்தனை பேர்! இதை நம் வார்டுகளில் யாரும் பேசுவதில்லை என்பது எனக்கு நெடுநாள் ஆதங்கம்.

---

அவசரப்பிரிவு | காலை 11.05

'நேரடியாக' என்ற பெயரில் எழுதியவர் சொல்வதில் பாதி உண்மை, அதை ஒத்துக்கொள்ள வேண்டும். எமர்ஜென்சியில் வேலை பார்க்கிறேன். சர்க்கரை முற்றி கீட்டோஅசிடோசிஸில் (ரத்தம் அமிலமாகும் நிலை) வருபவருக்கு எனக்கு வேண்டியது பிஎச்சும், அமிலத்தைச் சமன்செய்யும் பைகார்பனேட்டும். சிரை ரத்தத்தில் பிஎச் 0.03 போலத்தான் குறையும். அதற்குத் தமனியைத் தேடி மூன்று தடவை குத்துவதில் அர்த்தமே இல்லை. கார்பன் டை ஆக்சைடுகூட, சிரையில் 45க்குக் கீழே இருந்தால் தமனியில் ஏறியிருக்க வாய்ப்பு மிகக் குறைவு. ஆனால் நுரையீரல் ஆக்ஸிஜனை எவ்வளவு ஏற்றுகிறது என்ற கேள்விக்குக் கைச் சிரை பதில் சொல்லாது.

அவசரமில்லாத நேரத்தில் தமனியில் குத்தும்முன் மரத்துப்போகும் ஊசி போடலாம். பிரிட்டனின் மார்பு மருத்துவர் சங்கம் அதைப் பரிந்துரைத்தே வைத்திருக்கிறது. உங்கள் அம்மாவுக்கு அடுத்த முறை தயங்காமல் கேளுங்கள். ஊசியை எடுத்த பிறகு ஐந்து நிமிடம் விடாமல் அழுத்திப் பிடித்தால் அந்தக் கன்றல் பெரும்பாலும் வராது.

---

மாதுளைமொட்டு | மதியம் 1.20

நான் மருத்துவத்துறை இல்லை. என் மகளுக்கு நாலு வயதில் இதயத்தில் ஓட்டை. இந்த இழையைப் படித்ததும் அந்த நாள் ஞாபகம் வந்துவிட்டது.

கேத் லேப் முடிந்து டாக்டர் ஒரு தாளில் இதயத்தை வரைந்து, ஒவ்வொரு அறையிலும் ஓர் எண் எழுதினார். தொடை வழியாகக் குழாயை விட்டு ஒவ்வோர் இடத்திலும் கொஞ்சம் ரத்தம் எடுத்திருக்கிறார்கள். மேலிருந்து வரும் பெருஞ்சிரையில் 70. வலது மேலறையில் 84. நுரையீரலுக்குப் போகும் குழாயிலும் 84. "வெறும் சிரை ரத்தம் வர வேண்டிய அறையில் 14 கூடியிருக்கிறது. நடுச்சுவர் வழியாக நல்ல ரத்தம் இந்தப் பக்கம் கசிகிறது" என்றார். அப்புறம் உடம்புக்குப் போகும் ரத்தத்தின் 96இலிருந்து 70ஐக் கழித்தார், நுரையீரலிலிருந்து திரும்பும் ரத்தத்தின் 98இலிருந்து 84ஐக் கழித்தார், 26ஐ 14ஆல் வகுத்தார். நுரையீரலுக்கு உடம்பைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு ரத்தம் போகிறதாம். அதனால்தான் அடிக்கடி சளி, மூச்சுவாங்கல்.

எக்கோவில் ஓட்டை இருக்கிறது என்று முன்பே சொல்லியிருந்தார்கள். ஆனால் அந்தக் கழித்தலையும் வகுத்தலையும் பார்த்தபோதுதான் ஏன் அடைக்க வேண்டும் என்று எனக்கு உறைத்தது. தாளை இன்னும் வைத்திருக்கிறேன். இப்போது அவள் பள்ளியில் கோகோ ஆடுகிறாள்.

---

வடமராட்சி | பி.ப. 3.45

மாதுளைமொட்டு அக்கா, வாசிக்கச் சந்தோசமா இருக்கு. நான் இலங்கையில மருத்துவமாது. நாங்கள் தமனி சிரை எண்டு படிக்கேல்ல, நாடி, நாளம் எண்டுதான் பள்ளிக்கூடத்தில படிச்சனாங்கள். முதல்ல இந்த இழை எனக்கு விளங்கக் கொஞ்சம் நேரம் எடுத்தது.

ஒண்டு சொல்லவேணும். நாடி எண்டால் நல்ல இரத்தம், நாளம் எண்டால் கெட்ட இரத்தம் எண்டு கனபேர் பாடமாக்கி வைச்சிருக்கினம். இதயத்தில இருந்து வெளியில போறது நாடி, இதயத்துக்கு வாறது நாளம், அவ்வளவுதான். தொப்புள்கொடியில ரெண்டு நாடியும் ஒரு நாளமும் இருக்கும். ஒட்சிசன் கொண்டு வாறது அந்த ஒற்றை நாளம். பிள்ளை பிறந்த உடனை களைச்சுப் போயிருந்தால் கொடியை ரெண்டு பக்கமும் கவ்விப்போட்டு நாடியில இருந்து இரத்தம் எடுத்துப் பிஎச் பார்ப்பம். பிள்ளையின்ரை உடம்பைச் சுத்தி வந்த இரத்தம் அது, பிள்ளை பட்ட கஷ்டம் அதிலதான் தெரியும். தவறி நாளத்தில எடுத்தால் தாயின்ரை சூல்வித்தகத்தின்ரை (நஞ்சுக்கொடியின்ரை) கதையைத்தான் அது சொல்லும்.

---

மலையேறி | மாலை 5.10

முதல் ஸ்லிப்பைப் பார்த்துப் பயந்த வைகைக்கரைக்கு ஒரு தகவல். 2007இல் பிரிட்டிஷ் மருத்துவர் குழு ஒன்று எவரெஸ்ட் ஏறியது. உச்சியிலேயே ரத்தம் எடுக்கத் திட்டம், குளிரும் காற்றும் விடவில்லை. இறங்கும் வழியில் 8,400 மீட்டரில், கனத்த ஆடையைத் திறந்து, தொடை இடுக்கில் தமனியில் ஒருவருக்கொருவர் எடுத்தார்கள். சிரிஞ்சுகளை ஐஸோடு 6,400 மீட்டர் முகாமுக்கு இரண்டு மணி நேரத்துக்குள் இறக்கி அளந்தார்கள். நான்கு பேரின் சராசரி பிஓ2 24.6, ஒருவருக்கு 19.1. உங்கள் அப்பாவின் சிரையில் இருந்த 36ஐவிடக் குறைவு, அதுவும் தமனியில். சொந்தக் காலில் நடந்து இறங்கினார்கள். உடம்பு வாரக்கணக்கில் பழகி, ஹீமோகுளோபின் ஏறியிருந்ததால் முடிந்தது. சமவெளியில் திடீரென்று அந்த அளவுக்கு இறங்கினால் யாராலும் தாங்க முடியாது.

---

ஓய்வுபெற்ற மயக்கவியலர் | மாலை 6.30

மலையேறி கேன்களின் எண்ணிக்கையை நினைவுபடுத்திவிட்டார். மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். ஹீமோகுளோபின் 7.5 உள்ள பெண்ணின் விரலில் கிளிப் 98 காட்டும். கேன் நிறைந்திருக்கிறது, கேன்கள்தான் பாதி. 20 மில்லி இருக்க வேண்டிய இடத்தில் 10. உடம்பு வழக்கம்போல் 5 எடுத்தால் திரும்பும் கேனில் 50 சதவீதம். தேசிய குடும்ப நல ஆய்வின் ஐந்தாம் சுற்றில் 15 முதல் 49 வயது இந்தியப் பெண்களில் 57 சதவீதத்தினருக்கு ரத்தசோகை. விரலில் 98 பார்த்து, களைப்பெல்லாம் மனப்பிரமை என்று திருப்பி அனுப்பப்பட்டவர்கள் என்னிடம் எத்தனையோ பேர் வந்திருக்கிறார்கள்.

திரும்பி வரும் கேன் குறைந்தாலே கெடுதல், நிறைந்தால் நல்லது என்றும் இல்லை. கடும் செப்சிஸில் (தொற்றால் உறுப்புகள் செயலிழக்கும் நிலை) வீடுகள் கதவைத் திறக்காது, கேன் நிறைந்தே திரும்பும். சயனைடு உண்டவரின் சிரை ரத்தம் தமனிபோலச் சிவந்திருக்கும்.

---

அவசரப்பிரிவு | இரவு 7.02

ஐயா, செப்சிஸ் என்றதும் நினைவுக்கு வருகிறது. 2001இல் அமெரிக்காவின் டெட்ராய்ட்டில் ரிவர்ஸ் என்ற மருத்துவர் குழுவின் செப்சிஸ் ஆய்வு வந்தபின், கழுத்துச் சிரையில் சாச்சுரேஷனை 70க்கு மேல் வைத்தே ஆக வேண்டும் என்று நாங்கள் குழாய் குழாயாகப் போட்டோம். அந்த ஆய்வில் 263 நோயாளிகள், இறப்பு 46.5இலிருந்து 30.5 சதவீதமாகக் குறைந்தது. 2014, 2015இல் மூன்று பெரிய ஆய்வுகள் வந்தன, அந்த இலக்கைத் துரத்துவதால் கூடுதல் பலன் இல்லை என்று. நான் இப்போதும் பார்க்கிறேன், துரத்துவதில்லை. 55 வந்தால் இதயமா, ரத்தசோகையா, காய்ச்சலா என்று தேடுவேன்.

---

வைகைக்கரை | ஐந்து நாள் கழித்து, இரவு 9.48

எல்லாருக்கும் கைகூப்பி நன்றி. ஐயா சொன்ன கணக்கை டாக்டர்கிட்ட கேட்டேன். முதல்ல ஆச்சரியமாப் பார்த்தார், அப்புறம் சார்ட்டை எடுத்து அவரே காட்டினார். 195 இருந்தது அடுத்தடுத்த ஸ்லிப்புல 240, 310னு ஏறியிருக்கு. ஆக்ஸிஜன் இப்போ மூக்குல ரெண்டு லிட்டர்தான்.

அந்தப் பயிற்சித் தம்பி நேத்து சாயங்காலம் வந்தார். அன்னைக்கு நடந்ததுக்கு மன்னிச்சுக்குங்கன்னு அப்பாகிட்ட சொன்னார். அப்பா அவரைப் பக்கத்துல உட்கார வெச்சு, எங்க குத்தணும்னு தன் மணிக்கட்டுத் துடிப்பைத் தொட்டுப் பார்க்கச் சொன்னார். முன்னாடி ரெண்டு கையாலயும் எதையோ அழுத்தி, உள்ளங்கை வெளுத்துத் திரும்பச் சிவக்குதான்னு அவர் பார்த்தார். அது எதுக்குன்னு இரவுப்பணி அக்கா சொல்லுங்க.

---

இரவுப்பணி | இரவு 10.15

அது ஆலன் டெஸ்ட், தம்பி. மணிக்கட்டுல ரெண்டு தமனி இருக்கு. ரெண்டையும் அழுத்திட்டு, சுண்டுவிரல் பக்கம் உள்ளதை மட்டும் விடுவோம். கை சிவந்தா, நாம குத்துற தமனி அடைச்சாலும் கைக்கு ரத்தம் போகும்னு ஒரு தைரியம். அந்தத் தம்பி இந்தத் தடவை ஒரே குத்துல எடுத்தாரா?

---

வைகைக்கரை | இரவு 10.19

குத்தவே இல்லக்கா. பார்த்துட்டு மானிட்டரைப் பார்த்தார். 96. டாக்டர்கிட்ட கேட்டுட்டு வர்றேன்னு போனார், இன்னைக்கு வேண்டாம்னுட்டாங்களாம்.